கோவிந்தாபுரத்துத் துண்டு

1973 மே 4
மண்டையைப் பிளக்கும் வெயில். கோர்ட் விடுமுறை. கிணற்றில் வாளி தரை தட்டுகிறது. கமலம் மாடியில் வடாம் பிழிந்து வைத்திருக்கிறாள். காக்கை விரட்டும் உத்தியோகம் புருஷனுக்கு.

காக்கைகளுக்கு நடுவே மாரப்பன் கேஸ் கட்டை மறுபடி படித்தேன். கோவிந்தாபுரத்துக்காரர். கொஞ்சம் நிலம், கொஞ்சம் தென்னை. பக்கத்துத் தோட்டக்காரரை வெட்டிக் கொன்றதாக ஆயுள் தண்டனை. இப்போது விய்யூர் ஜெயிலில். அப்பீல் ஹைகோர்ட்டில் கிடக்கிறது. அவருக்கு எதிராக என்ன இருக்கிறது? வாய்க்கால் தண்ணீருக்குப் போட்ட பழைய சண்டை. அரிவாளில் ரத்தம், வேட்டியில் ரத்தம். அவ்வளவுதான். அன்று காலை கருப்பராயன் கோயிலில் சேவல் அறுத்த ரத்தம் என்று ஆரம்பத்திலிருந்தே சொல்கிறார். ரசாயனப் பரிசோதகர் அறிக்கையில் ஒரே வரி: ரத்தம் உண்டு. மனித ரத்தமா, கோழி ரத்தமா? நான்தான் கேட்டேன். செஷன்ஸ் ஜட்ஜ் சிரித்தார். மறுபடி சோதிக்க அரிவாளிலும் வேட்டியிலும் மிச்சமில்லை, சுரண்டித் தீர்த்துவிட்டார்கள்.

பார் ரூமில் எனக்கு இப்போது கோழி வக்கீல் என்று பெயர். அதற்கு முன்னால் வெற்றிலை வக்கீல். மூணாறு எஸ்டேட் கேஸில், சட்டையில் இருந்தது வெற்றிலைச் சாறு என்று காட்டி ஒருவனை வெளியே கொண்டுவந்ததற்கு. ஆனைகட்டி கேஸில் சோதனை முடிவு வருவதற்குள் ஆள் ஜெயிலிலேயே செத்துப்போனான். அதற்கு யாரும் பெயர் வைக்கவில்லை.

மே 7
விய்யூர். பஸ்ஸில் நின்றபடியே பயணம். இடுப்பு வலி.

பேச்சுவாக்கில் மாரப்பன் சொன்னார்: "அன்னிக்குத் தலையில கட்டியிருந்த துண்டு ஊட்டுலயே கெடக்குமுங்க சாமி. சேவல் அறுத்துப்போட்டு அதுலதானுங்க கையத் தொடச்சேன். அப்பறமாத் தொவைச்சுக்கலாம்னு கூரை எறவாணத்துல சொருகினேன். அதுக்குள்ள போலீசு வந்துட்டாங்க."

இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை?

"யாரும் கேக்கலைங்களே."

உண்மைதான், நானும் கேட்கவில்லை. திரும்பும்போது இடுப்பு வலி தெரியவில்லை.

மே 8
கோழிக்கோட்டுக்கு ட்ரங்க் கால். மெடிக்கல் காலேஜ் டாக்டர் நண்பர் உற்சாகமாக இருந்தார். கறை பழசானாலும் பரவாயில்லை, சீரம் சோதனையில் கோழியா மனிதனா என்று சொல்லிவிடலாம், தண்ணீர் படாமல் இருந்தால் போதும் என்றார்.

பிராசிக்யூட்டர் குதிப்பார். வீட்டிலிருந்து வந்த துண்டை எப்படி நம்புவது என்பார். நியாயமான கேள்விதான். ஆனாலும் அதே நாள், அதே கை. துண்டைச் சோதிக்கக் கேட்டு ஹைகோர்ட்டில் ஹர்ஜி போட்டுப் பார்க்கலாம். இதை விட்டால் மாரப்பனுக்கு வேறு ஒன்றும் இல்லை.

அவர் மனைவி பொன்னாத்தாளுக்குக் கார்டு எழுதினேன். கோர்ட் விடுமுறையானதால் துண்டை எடுத்துக்கொண்டு கல்பாத்தி அக்கிரகாரத்தில் என் வீட்டுக்கே வரவும். எங்கே இறங்குவது, எந்தத் தெரு, எல்லாம் விவரமாக.

வாங்க: மூக்குப்பொடி, மசி, கமலத்துக்கு இடுக்கி ஏலக்காய்.

மே 11
ஆள் வரவில்லை. காக்கை வந்தது. கார்டு போய்ச் சேர்ந்ததா தெரியவில்லை.

மே 13
பொன்னாத்தாள் வந்தாள். வாசலிலேயே நின்றுவிட்டாளாம். நான் குளித்துவிட்டு வருவதற்குள் கமலம் பையை வாங்கி, துண்டை விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்ன வெளுப்பு பாருங்கோ. நம்மாத்து வண்ணான் ஒருநாளும் இப்படி வெளுத்ததில்லை."

நீலம் போட்டு, நாலாக மடித்த துண்டு. ஓரத்தில் மஞ்சள் தடவியிருந்தது.

"சோடாக்காரம் போட்டு வேக வெச்சனுங்க சாமி. கறை ஒரு வாட்டியில போகலைங்க. மறுக்காவும் வெச்சனுங்க."

யார் துவைக்கச் சொன்னது என்று கத்திவிட்டேன். தெருவில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

அவளுக்குப் புரியவில்லை. "கோழி ரத்தமுங்களே. அதோட எப்படிங்க அய்யமாரு ஊட்டுக்கு வர்றது?"

சோடாக்காரத்தில் விரல் நுனியெல்லாம் தோல் உரிந்திருந்தது. கமலம் மோர் கொடுத்தாள். வாசலில் நின்றே குடித்தாள், டம்ளரைத் தானே கழுவிக் கவிழ்த்து வைத்தாள். போகும்போது கேட்டாள்: "இனி அவரு வந்துருவாருங்களா?" பார்க்கலாம் என்றேன்.

பஸ் ஸ்டாண்டுக்கு வரச் சொல்லியிருந்தால் இருந்தபடியே கொண்டுவந்திருப்பாள். மரத்தடியில், டீக்கடையில், எங்கே சொல்லியிருந்தாலும். ரத்தம் எத்தனை நாள் நிற்கும், எந்தத் துணியில் எப்படிப் படியும், எல்லாம் படித்தவன் நான். துவைக்காதே என்று கார்டில் ஒரு வரி எழுதத் தோன்றவில்லை. என் வீட்டுக்கு வர ஒரு பெண் என்ன செய்துவிட்டு வருவாள் என்று தெரியவில்லை. உட்கார்ந்து அழுதேன். சாப்பிடவில்லை.

மே 14
துண்டை ஆள் வசம் கோழிக்கோட்டுக்கு அனுப்பினேன். வீண் என்று தெரிந்தேதான். நூலுக்குள் ஏதாவது ஒட்டியிருக்காதா?

மே 18
முதல் மழை, நாலு சொட்டு. வடாம் நனைந்தது.

டாக்டர் கூப்பிட்டார். கோழியும் இல்லை, மனிதனும் இல்லை. "இதுல ரத்தம் இருந்ததான்னே சொல்ல முடியலை." அவர் குரலும் இறங்கித்தான் இருந்தது. ஹர்ஜியின் நகலைக் கிழித்துப் போட்டேன்.

கமலம் கேட்டாள்: "அவ கேட்டா என்ன சொல்லப் போறேள்?"

மே 21
விய்யூர். மாரப்பனிடம் சொன்னேன். கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"அவகிட்ட ஏதாச்சும் சொன்னீங்களா சாமி?"

கோபப்பட்டேன், ஆனால் துவைத்ததால் என்ன கெட்டுப்போயிற்று என்று சொல்லவில்லை என்றேன்.

"சொல்லிப்போடாதீங்க."

சரி என்றேன். வார்டர் நேரமாயிற்று என்றார். மாரப்பன் திரும்பியவர், என்னைச் சமாதானப்படுத்துகிற மாதிரி சொன்னார்: "நானே கொண்டாந்திருந்தாலும் தொவைச்சுத்தானுங்க கொண்டாந்திருப்பேன்."