ஒரே சர்வே எண்

4-8-25, திங்கள்
மறுபடியும் தாலுகா ஆபீஸ். சர்வேயர் வந்து அளந்தால்தான் தனிப்பட்டாவாம். சர்வேயர் எப்போது வருவார்? மனு நகர்ந்தால். மனு எப்போது நகரும்? சர்வேயர் அளந்தால். ஐந்தாம் வகுப்போடு நின்றவன், சட்டப் புத்தகம் படித்து நானே எழுதிய மனு. புரோக்கரிடம் போக மாட்டேன்.

மகள் செல்வமேரி போனில் அழுதாள். குன்றத்தூரில் வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்களாம். பட்டா வந்தால்தான் என் மனையில் அவளும் மருமகனும் வீடு கட்ட அனுமதி கிடைக்கும்.

8-8-25
கோதண்டத்துக்கு அளந்துவிட்டார்கள்.

9-8-25
நேற்று எழுத ஓடவில்லை. நானும் கோதண்டமும் ஒரே மனையை ஆளுக்குப் பாதியாக வாங்கினோம். பட்டா கூட்டாகவே இருக்கிறது. நான் மனு போட்டது சித்திரையில், அவன் ஆடியில். நான்கெல்லை என்றால் என்னவென்று தெரியாதவனுக்கு முதலில் அளப்பதா? ஆபீசில் எல்லாரையும் தலைவா என்பான், அவர்களும் சிரிப்பார்கள். என்னைக் கண்டால் மட்டும் பேனாவைத் தேடுகிறார்கள்.

சர்வேயருக்கு இளநீர் வெட்டியபோது எனக்கும் ஒன்று நீட்டினான். "குடிண்ணே, வெயில் மண்டைய பொளக்குது."

வாங்கவில்லை.

11-8-25
ஆட்சேபணை மனு கொடுத்தேன். எல்லையைத் தவறாக அளந்தார்கள் என்று. தவறா? தெரியாது. எழுத்து நன்றாக வந்தது.

22-8-25
ஆட்சேபணை உடனே நகர்ந்துவிட்டது! கோதண்டத்தின் பட்டா நின்றது. இரண்டு தோசை கூடுதலாகச் சாப்பிட்டேன்.

1-9-25, திங்கள்
என் பட்டா என்ன ஆயிற்று என்று கேட்டேன். கிளார்க் சுகப்பிரியா சர்வே எண்ணை மட்டும் கேட்டுத் தட்டிப் பார்த்தாள். "இந்த நம்பருக்கே ஆட்சேபணை கீது பெரியவரே. அது தீர்ற வரைக்கும் யாருக்கும் பட்டா கெடையாது. போட்டவரு பேரு பெரியநாயகம். தெரிஞ்சவரா? பேசிப் பாருங்க."

தெரிந்தவர்தான் என்றேன்.

2-9-25
வாபஸ் வாங்க இரண்டு தரப்பும் சேர்ந்து வர வேண்டுமாம். அவன் வாசலில் நான் போய் நிற்பதா? மாட்டேன்.

5-9-25
செல்வமேரி வந்தாள். சொல்லிவிட்டேன். திட்டவில்லை. "அவரு கால்ல நான் போய் வுழட்டாப்பா?" என்றாள். அதற்கு மேல் உட்கார முடியவில்லை — நானே போனேன்.

கோதண்டத்திடம் எல்லாம் சொன்னேன். "நீதானாண்ணே? யார் யாரையோ திட்டிகினு இருந்தேன். திங்கக்கிழமை வண்டில கூட்டினு போறேன்" என்றான்.

8-9-25, திங்கள்
அவன் வண்டியில், பின்னால். ஆட்சேபணை வாபஸ். வியாழனன்று எனக்கும் அளப்பார்களாம்; செல்வமேரிக்குச் சொல்லியாயிற்று.

சுகப்பிரியா எழுந்து அவனுக்கு நாற்காலி போட்டாள். அவன் அதை என் பக்கம் நகர்த்தினான். நான் நின்றுகொண்டே கையெழுத்துப் போட்டேன்.