குகைக்குள் தப்பிய முயல்

வாலுவின் அம்மாவுக்கு அன்போடு எழுதுவது,

இங்கே நான் சுகம். என் அம்மாவுக்கு இருமல் விட்டதா? நம் வாலு ஒழுங்காகச் சாப்பிடுகிறாளா?

நான் பெயிண்ட் அடிக்கும் பூங்காவின் கார்ட்டூன் பகுதி ஆதியில் யானை ஊராம், பிறகு முயல் ஊராம். முயல் பழசாகிவிட்டதென்று இப்போது கரடி ஊராக்கச் சொன்னார்கள். சுவர் அதேதான், நீளக் காதை அழித்து உருண்டைக் காது போட வேண்டும். குட்டி ரயில் நுழையும் குகை இருட்டில் ஒரு முயலை மாற்ற மறந்துவிட்டேன்.

கரடி ஊரைத் திறந்த அன்றே பிள்ளைகள் அதைப் பார்த்துப் போட்ட கூச்சலில் மேனேஜர் என்னைக் கூப்பிட்டார். மூட்டை கட்ட வேண்டியதுதான் என்று பிரஷ்களைக் கழுவி வைத்துவிட்டுப் போனேன். அவரோ சிரிக்கிறார்!

"அந்த முயலைப் பாக்கவே பசங்க திரும்பத் திரும்ப ரயில் ஏறுதுங்கப்பா. இன்னும் நாலஞ்சு ஒளிச்சு வை!"

அப்பாடா! வேலை நிலைத்தது.

ஒரு சின்ன உதவி. வாலுவைச் சுவரோரம் நிறுத்தி, தரையிலிருந்து அவள் கண்வரை நூல் பிடித்து அனுப்பு. அந்த உயரத்தில் ஒரு முயல் வரைய வேண்டும். புறப்பட்டபோது என் முழங்கால்வரை இருந்தாள். இப்போது அவள் உயரத்துக்குக் கையை எங்கே வைத்துப் பார்ப்பதென்று தெரியவில்லை.

ரயில் விசில் அடித்துவிட்டது, ஓடுகிறேன்.

உன் பெயிண்டர்