நாற்பது வினாடித் தையல்காரர்

வீரபாண்டி, திருப்பூர்
3.3.2025

ராஜவேல் அவர்களுக்கு,

'அன்புள்ள' போட மனசு வரவில்லை. போனில் உங்கள் நம்பரைத் தடுத்து வைத்திருப்பது தெரிந்திருக்கும். பேசினால் எதையாவது சொல்லிச் சிரிக்க வைத்துவிடுவீர்கள். கேட்க வந்ததை நான் மறந்துவிடுவேன். அதனால்தான் கடிதம்.

ரெண்டே வருஷத்தில் நடிகனாகிவிடுவேன் என்று சொல்லி, நல்ல சூப்பர்வைசர் வேலையை விட்டுவிட்டு மெட்ராஸுக்குப் போனீர்கள். எட்டு வருஷம் ஆயிற்று. நான் பனியன் கம்பெனியில் ஓரம் தைக்கிற ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்தே நம் பூங்குழலியைப் பதினொன்றாம் வகுப்பு வரைக்கும் கொண்டுவந்துவிட்டேன். நீங்கள் இத்தனை படத்தில் என்ன செய்தீர்கள்? பணக்காரர் வீட்டு கேட்டைத் திறந்துவிட்டீர்கள். கூட்டத்தில் நின்று கை தட்டினீர்கள்.

பெருமாநல்லூரில் ஈஸ்வரமூர்த்தி அண்ணன் கம்பெனியில் சூப்பர்வைசர் இடம் காலியாக இருக்கிறது. சித்திரை முடிகிறவரைக்கும் உங்களுக்காக வைத்திருப்பதாகச் சொல்கிறார். வந்தால் சேர்ந்து இருப்போம். வராவிட்டால் வக்கீலைப் பார்த்துப் பிரிந்துவிடுவோம். என் பொறுமை அவ்வளவுதான்.

சித்ரகலா

*

சாலிகிராமம், சென்னை
10.3.2025

அன்புள்ள கலாவுக்கு,

நீ எழுதியதில் ஒரு வரிகூடப் பொய்யில்லை. நான் சண்டைக்கு வரவில்லை. ஒருவரைப் பற்றி மட்டும் சொல்லிவிடுகிறேன். பிறகு நீயே தீர்ப்புச் சொல்.

ஆர்லோ பெக்வித் என்று அமெரிக்காவில் ஒரு நடிகர், கறுப்பு வெள்ளைக் காலத்து ஆள். இருபத்தேழு வருஷத்தில் இருநூற்று அறுபது படம். பாதிக்கு மேல் அவர் பெயரைக்கூடப் போடவில்லை. காலையில் ஒரு ஸ்டுடியோவில் நீதிபதி, மத்தியானம் இன்னொரு ஸ்டுடியோவில் மதுக்கடையில் கிளாஸ் துடைப்பவர். சொந்தமாக நல்ல கோட்டு வைத்திருக்கிறவர்களைத்தான் முதலில் கூப்பிடுவார்களாம். அதனால் கார் டிக்கியில் பாதிரியார் அங்கியிலிருந்து கல்யாணக் கோட்டு வரைக்கும் வைத்திருப்பாராம். சாப்பாட்டு நேரத்தில் நீதிபதி உடுப்போடு கொள்ளைக்கார வேஷக்காரர்கள் மேசையில் உட்கார்ந்து ரொட்டி தின்பாராம். அவர் மகள் ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறார். டிராம் கண்டக்டர் வேஷம் என்றால் நாலு நாள் சொந்தக் காசில் டிராமிலேயே போய் வருவாராம். திரையில் வருவதென்னவோ அரை நிமிஷம். அவரை நினைத்தால் எனக்குக் கை தானாகக் குவிகிறது, கலா.

ஒரு படத்தில் அவர் தையல்காரராக வருகிறார். நாற்பது வினாடி. படத்தின் பெயரைத் தனித்தாளில் எழுதியிருக்கிறேன், பூங்குழலி போனில் எடுத்துத் தருவாள். இருபது வருஷம் மெஷினில் உட்கார்ந்தவள் நீ. அவர் தைப்பது பொய்யென்று நீ சொல்லிவிட்டால், நான் நம்பியதும் பொய்தான். அடுத்த பஸ்ஸில் ஊருக்கு வந்துவிடுகிறேன்.

உன்
ராஜவேல்

*

வீரபாண்டி
23.3.2025

ராஜவேல் அவர்களுக்கு,

பார்த்தேன். கம்பெனியில் சாப்பாட்டு நேரத்தில் ரங்காத்தாள் அக்காவையும் கூட வைத்துக்கொண்டு, சிரிக்கலாம் என்றுதான் பார்த்தேன். சினிமாவில் தைக்கிறவர்கள் எல்லாரும் ஊசியையே முறைத்துப் பார்ப்பார்கள். அதைப் பார்த்தாலே எங்களுக்குச் சிரிப்பு வரும். தைக்கத் தெரிந்தவள் எவளும் ஊசியைப் பார்க்கமாட்டாள், முன்னால் வருகிற துணியின் ஓரத்தைத்தான் பார்ப்பாள்.

அந்த மனுஷர் ஓரத்தைப் பார்க்கிறார்.

கடைக்குள் கதாநாயகன் வந்து பேசுகிறான். இவர் பதில் சொல்வதற்கு முன்னால் சக்கரத்தைக் கையால் திருப்பி ஊசியைத் துணிக்குள் இறக்கிவிட்டுத்தான் நிமிர்கிறார். இல்லாவிட்டால் துணி நகர்ந்துவிடும். இதைச் செய்யச் சொல்ல எந்த டைரக்டருக்குத் தெரியும்? கேமரா கதாநாயகன் மூஞ்சியில்தான் இருக்கிறது. பின்னால் மங்கலாகத் தெரிகிற இடத்திலும் இவர் தொடையில் ஒட்டின நூலைத் தட்டிவிடுகிறார்.

"இவரு டெய்லரேதானுங்க அம்மணி. நடிகருன்னு ஆரு சொன்னது?" என்றார் ரங்காத்தாள் அக்கா. பதினோரு தடவை பார்த்தோம். சோறு ஆறிப்போயிற்று.

அதற்கப்புறம் ராத்திரியில் எல்லாம் அவரைத் தேடித்தான் பார்க்கிறேன். தந்தி ஆபீஸ்காரர், சவப்பெட்டி செய்கிறவர், ஓட்டல் குமாஸ்தா. எதில் வந்தாலும் அந்த வேலையில் இருபது வருஷம் இருந்தவர் மாதிரி இருக்கிறார். நாற்பது வினாடிக்காக ஒரு தொழிலையே கற்றுக்கொண்டிருக்கிறார் மனுஷர். எனக்கு மயிர்க்கூச்செறிகிறது.

சரி, அவர் ஜெயித்துவிட்டார். நீங்கள்? உங்கள் படம் ஒன்றைச் சொல்லுங்கள், அதே கண்ணால் பார்க்கிறேன். சித்திரைக் கெடு அப்படியேதான் இருக்கிறது.

சித்ரகலா

*

சாலிகிராமம்
2.4.2025

அன்புள்ள கலாவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு என் படங்களை எல்லாம் திரும்பப் பார்த்தேன். வெட்கமாக இருந்தது. கேட்டைத் திறக்கும்போதுகூட மூஞ்சி தெரியவேண்டும் என்று கேமரா பக்கம் திரும்பியிருக்கிறேன். கேட் திறக்கிறவன் எதற்கு அங்கே திரும்புவான்?

உனக்குக் காட்டத் தைரியம் வருகிற படம் ஒன்றுதான். பெயரைத் தனித்தாளில் எழுதியிருக்கிறேன். போன வருஷம் எடுத்தது, இந்த மாதம் போனிலேயே பார்க்கிற மாதிரி வந்திருக்கிறது. அந்த வேலையைப் பதினெட்டு நாள் சம்பளமில்லாமல் செய்து பார்த்துவிட்டுத்தான் நடித்தேன். என்ன வேஷம் என்று சொல்லமாட்டேன். பொய்யாகத் தெரிந்தால் எழுது, மூட்டையைக் கட்டிவிடுகிறேன். இந்தத் தடவை மறுபேச்சு இல்லை.

உன்
ராஜவேல்

*

வீரபாண்டி
20.4.2025, ஞாயிறு

ராஜவேல் அவர்களுக்கு,

இரண்டரை மணி நேரம். நானும் பூங்குழலியும் கண் கொட்டாமல் உட்கார்ந்திருந்தோம். அந்தப் படத்தில் நீங்கள் இல்லவே இல்லை. வெட்டி எறிந்துவிட்டார்களா, இல்லை இதுவும் உங்கள் கதைதானா? பூங்குழலியின் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை.

படத்தில் ஒரு இடத்தில் நான் அழுதது நிஜம். கதாநாயகியின் அப்பா செத்ததும் ஒரு ஆஸ்பத்திரி ஆள் ஸ்ட்ரெச்சரைத் தள்ளிக்கொண்டு போகிறார். துணிக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்த பாதத்தைப் பார்த்ததும் நின்று, உள்ளே எடுத்து வைத்து, போர்த்திவிட்டு, அப்புறம்தான் தள்ளுகிறார். நிஜமான ஆஸ்பத்திரி ஆளையே கொண்டுவந்து நிறுத்திவிட்டார்கள் போல. அந்த மாதிரி ஒரு வேஷம்கூட உங்களுக்குக் கிடைக்கவில்லை பாருங்கள்.

இனி கேட்கமாட்டேன். வக்கீலிடம் தேதி வாங்குகிறேன். கையெழுத்துப் போட வந்து சேருங்கள்.

சித்ரகலா

*

வீரபாண்டி
21.4.2025

அன்புள்ள மாமாவுக்கு,

நேற்று பெட்டியில் போட்ட கடிதத்தைத் திருப்பித் தரச் சொல்லிக் காலையில் தபால்காரரிடம் கெஞ்சினேன். முடியாது என்றுவிட்டார். அதைப் படித்திருந்தால் மன்னித்துவிடுங்கள்.

கடிதத்தைப் போட்டுவிட்டு வந்தும் அந்தப் பாதம் மனசை விட்டுப் போகவில்லை. அந்த இடத்தை மட்டும் மறுபடி போட்டுப் பார்த்தேன். மூன்றாவது தடவை அந்த ஆஸ்பத்திரி ஆள் குனியும்போது காது தெரிந்தது. கல்யாணமான நாளிலிருந்து உங்கள் டிவிஎஸ்ஸில் பின்னால் உட்கார்ந்து நான் பார்த்துக்கொண்டே வந்த காது. மீசையில்லை, உடம்பில் பாதி இல்லை, தோள் வேறு யாருடைய தோளோ. போனைக் கீழே வைத்துவிட்டேன்.

ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். நீங்கள் தோற்றால்தான் எனக்கு வீட்டுக்காரர் கிடைப்பார். அதனால் குற்றம் கண்டுபிடிக்கத்தான் உட்கார்ந்தேன். கண்ணுக்கு முன்னாலேயே வந்தீர்கள். யாரோ ஒருத்தர் என்று நினைத்து அழுதேனே தவிர, அது நீங்கள் என்று எனக்குத் தெரியவில்லை. எட்டு வருஷக் கோபம் இன்னும் அப்படியேதான் இருக்கிறது, அதை நேரில் வைத்துக்கொள்ளலாம். ஆனால் இப்படி ஒரு வேலையை நான் பார்த்ததில்லை, மாமா.

இன்றைக்கு மத்தியானம் ஈஸ்வரமூர்த்தி அண்ணன் கேட்டார், "ஏனம்மணி, மாப்பிள்ளை வர்றாருங்களா? எடத்தை இன்னும் எத்தனை நாளைக்கு வெச்சிருக்கறது?"

"வேற ஆளைப் போட்டுக்குங்கண்ணா. அவரு வேலைல இருக்காருங்க" என்றேன்.

கலா