பங்காளிகள் போனபின் திறந்த சாளரம்

கடல் கடந்த நாட்டில், எம்மைப் போன்ற எளியோர் மன்றங்களுக்கு நல்கைப் பணம் வழங்கும் அலுவலகத்தில் அமர்ந்திருக்கும் என் அருமை மகளே! இங்கு நானும் உன் அப்பாவும் உன் அக்கா வீட்டாரும் நலம்; மடலை எப்படியாவது தொடங்க வேண்டுமே என்று எழுதிய நலமன்று, மூச்சை ஆழ இழுத்துப் பார்த்து எழுதும் நலம். நீயும் வேளைக்கு உண்டு, கழுத்தைக் குளிர் தாக்காமல் போர்த்திக்கொண்டு, நலமாக இருப்பாய் என்றே நம்புகிறேன். ஆயினும் உன்மீது எனக்கொரு வழக்கு இருக்கிறது, அதை ஒளித்துவைத்து மடலின் கடைசியில் எடுத்து நீட்டுவது என் இயல்பன்று. உங்கள் அலுவலகம் எங்கள் மன்றத்துக்கு நிறுத்திய நல்கையை மீண்டும் தொடங்கச் சொல்லி நீ மேலிடத்தில் வேண்டுகோள் வைத்திருக்கிறாயாம், திங்கட்கிழமைக் கூட்டத்தில் அது முடிவாகுமாம், "அம்மாவுக்கு இன்ப அதிர்ச்சியா இருக்கட்டும், சொல்லிடாதே" என்று அக்காவிடம் சொன்னாயாம். அதிர்ச்சி வந்து சேர்ந்தது, இன்பத்தைத்தான் காணவில்லை.

வழக்கை விரிக்குமுன் வீட்டுச் செய்தியைச் சொல்கிறேன், ஏனெனில் இரண்டும் ஒன்றுதான். நம் வீட்டின் பின்பக்கச் சாளரத்தைத் திறந்துவிட்டோம். குப்பைமேட்டில் நகராட்சி தீ மூட்டத் தொடங்கியதிலிருந்து பழைய போர்வையை மடித்து இடுக்கில் திணித்து அடைத்திருந்தோமே, அதே சாளரம். உன் அப்பா முதலில் நம்பவில்லை, தாழ்ப்பாளில் கைவைத்தபடி மூக்கை நீட்டி மோந்து பார்த்தார், பிறகு திறந்தார், பிறகு அங்கேயே நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்துவிட்டார், ஆளை எழுப்ப முடியவில்லை. "சாளரம் சாளரம்னு முழங்குறியே, ஜன்னல்னு சொன்னாலும் காத்து வருதும்மா" என்று என் தமிழை வம்புக்கு இழுத்தார். வம்பு பேச மூச்சு இருக்கிறதே என்று நான் மகிழ்ந்தேன். இருமல் அறவே போய்விட்டது என்று பொய் சொல்ல மாட்டேன், ஆனால் இரண்டு சொல்லுக்கு நடுவே நின்று இளைப்பாறிய மனிதர் இப்போது என்னையே பேசவிடாமல் பேசுகிறார். கொடியில் காயும் துணியில் கரி படிவதில்லை, உன் அக்கா மகள் வெள்ளைச் சட்டையை வெள்ளையாகவே அணிந்து பள்ளிக்குப் போகிறாள்.

இந்தக் காற்று எப்படி வந்தது என்று கேள். மன்றம் எதற்காகப் பிறந்தது என்பதை நீ அறிவாய், பள்ளிச் சீருடையோடு எங்கள் பதாகைகளுக்குப் பசை தடவியவள் நீ. குப்பை பிரித்துப் பிழைக்கும் பெண்கள் கேட்டது ஒன்றே ஒன்று, எங்கள் குடியிருப்பின் வாசலில் வைத்து எரிக்காதே என்பது. அதற்காகத்தான் கூடினோம், அதற்காகத்தான் நான் தொண்டை கிழியப் பேசினேன். உங்கள் அலுவலகத்தின் கை முதன்முதல் நீண்டபோது அது நல்ல கையாகவே இருந்தது, அந்த நன்றியை நான் மறக்கவில்லை. கையுறை கேட்டோம், வந்தது, காலுக்குத் தடித்த காலணி கேட்டோம், அதுவும் வந்தது, கண்ணாடிச் சில்லு கிழித்த பாதங்கள் ஆறின. நாங்கள் கேட்டதை அவர்கள் கொடுத்தவரை எல்லாம் சரியாக இருந்தது. பிறகுதான் அவர்கள் கொடுப்பதை நாங்கள் கேட்கப் பழகினோம். அங்கே ஓராண்டு தலைமைப் பண்பு என்றால் இங்கே எல்லாரும் தலைவர்கள் ஆகவேண்டும், மறு ஆண்டு தொழில்முனைவு என்றால் எல்லாரும் முதலாளிகள், அடுத்து வந்தது கை கழுவுதல், குழாயில் தண்ணீர் வராத குடியிருப்பில் வண்ணப்படம் காட்டிக் கை கழுவக் கற்பித்தார்கள். மன்றத்துக்குக் கண்ணாடிக் கதவு வந்தது, உருளும் நாற்காலி வந்தது, ஒருங்கிணைப்பாளராக ஒரு தம்பி வந்தார், எதைக் கேட்டாலும் வரைபடத்தை விரிப்பதால் அவருக்கு வரைபடம் என்றே பெயராயிற்று. கெட்டவர் அல்லர். தீயைப் பற்றிப் பேச நான் எழுந்தால் மட்டும், "அம்மா, அது இந்த வருசத் திட்டத்துல இல்லையேம்மா" என்று கெஞ்சுவார். புகைக்கு உங்கள் திட்டம் தெரியாதே மகளே, அது எல்லா ஆண்டும் வந்தது.

ஒருமுறை தெருத் தூய்மைக்கென்று நல்கை ஒப்புதலாயிற்று, அது கைக்கு வருவதற்குள் பெண்கள் தாமாகவே தெருவைக் கூட்டித் துடைத்துவைத்துவிட்டார்கள். வரைபடத் தம்பி தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார், தூய்மைக்கு முன், தூய்மைக்குப் பின் என்று ஒளிப்படங்கள் அனுப்ப வேண்டுமாம், 'முன்' படத்துக்கு இப்போது எங்கே போவது? மேட்டிலிருந்து தள்ளுவண்டியில் குப்பையை அள்ளிவந்து தெருவில் கொட்டிப் படமெடுத்துவிட்டு மறுபடி கூட்டினோம். இரும்பும் புட்டியும் எடைபோடுகிற நம் தராசக்கா உனக்கு நினைவிருப்பாள், அவள் விளக்குமாற்றை ஊன்றி நின்று, "எங்க வீட்டுக்காரர் குளிக்கிறதுக்கு முன், குளிச்சதுக்குப் பின்னுன்னு எடுங்க தம்பி, அதுக்கும் வெளிநாட்டுல ஏதாச்சும் தருவாங்களா" என்று கேட்டாள்.

உங்கள் மேலாளர் அம்மையார் இங்கு வந்த நாள்தான் உச்சம். அவர் தம் மொழியில் அன்பொழுகப் பேச, அருகில் நின்ற மொழிபெயர்ப்பாளர், நாங்கள் கொடையாளர் அல்லர், இன்றுமுதல் உங்கள் பங்காளிகள் என்று முழங்கினார். கூட்டாளி என்று சொல்லியிருக்க வேண்டும். உடனே தராசக்கா எழுந்தாள். "ஐயையோ, பங்காளியா? எங்க பங்காளி வாசலை மறிச்சு ஒரு சுவர் வச்சான், அதுக்கே இன்னும் கோர்ட்டுக்கு நடந்துக்கிட்டு இருக்கோம், நீங்க எந்தப் பக்கம் சுவர் வைக்கப் போறீங்க" என்றாள். கூடமே குலுங்கிச் சிரித்தது, அம்மையாரும் தம்மைப் பாராட்டுகிறார்கள் என்றெண்ணிக் கைதட்டினார். சிரிப்பு அடங்குமுன் சுவர் வந்துவிட்டது. நகராட்சியும் இனி நம் பங்காளியாம், ஆகவே அதற்கு எதிராக மன்றத்தார் எந்த வாயிலிலும் அமரக்கூடாதாம், முழங்கக்கூடாதாம், மீறினால் நல்கை நிற்குமாம். ஒலிபெருக்கியை அலமாரியில் வைத்துப் பூட்டினார்கள். ஊரையே மேடைமுன் கட்டிப்போட்ட உன் அம்மா கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் உருளும் நாற்காலியில் வாய்பொத்தி அமர்ந்திருந்தாள், கதவுக்கு வெளியே குப்பை எரிந்துகொண்டிருந்தது.

அப்போதுதான் உங்கள் அலுவலகத்தின் நாட்டம் வேறொரு நாட்டின்பால் திரும்பியது, நல்கை நின்றது. "கை கழுவச் சொல்லிக் குடுத்தாங்க, இப்ப அவங்களே கழுவிட்டாங்க" என்றாள் தராசக்கா. கண்ணாடிக் கதவை விட்டு வெளியேறும்போது அழுகை வரும் என்று நினைத்திருந்தேன், தேர்வு முடிந்து ஓடிவரும் பிள்ளைகளைப்போல் சிரித்துக்கொண்டல்லவா வந்தோம்! ஒலிபெருக்கியை எடுத்தோம், குப்பைமேட்டு வாயிலில் அமர்ந்தோம். பிரிக்கத் தெரிந்தவர்கள் நாங்கள், பிரிக்க இடம் கொடு, எரிக்கக் கொள்ளி எடுக்காதே என்று நான் முழங்கினேன், வண்டிகள் உள்ளே போகவில்லை. வேலை போன வரைபடத் தம்பி, கழுத்தில் அட்டை தொங்காமல், தண்ணீர்க் குடத்தோடு வந்து நின்றார், "நான் என்ன வேலை பாக்குறேன்னு இப்பத்தான் எங்க அம்மாவுக்குப் புரியுதும்மா" என்றார். நகராட்சி ஆணையர் கடைசியில் வாயிலுக்கே இறங்கி வந்தார், எரிப்பதை நிறுத்துகிறோம், பிரிப்பதற்குக் கொட்டகை அமைத்துத் தருகிறோம் என்று எல்லார் முன்னிலையிலும் சொன்னார். தீ அணைந்தது. கொட்டகைக்குத் தூண்கள் மட்டும் நிற்கின்றன, கூரை இன்னும் ஏறவில்லை, அது ஏறும்வரை நாங்களும் வாயிலை விட்டு எழுவதாயில்லை.

கூரை ஏறவில்லை என்பதைத்தான் நீ கருத வேண்டும் மகளே. இப்போது உன் வேண்டுகோள் வென்றால் நல்கையோடு அந்தச் சுவரும் திரும்பும், வாயிலிலிருந்து எங்களை எழுப்பும், நாங்கள் எழுந்துவிட்டோம் என்று கண்டதும் நகராட்சி மீண்டும் கொள்ளி எடுக்கும், உன் அப்பாவின் சாளரத்துக்குப் போர்வை திரும்பும். நீ அன்பினால் செய்தாய், அதை நான் அறிவேன், வாடகைக்கும் அச்சுக்கும் இங்கே முட்டுப்பாடு இருப்பதும் மெய்தான். கையுறைகள் கிழியத் தொடங்கிவிட்டன, அவற்றைக் கேட்போம், கொடுப்போர் வரட்டும், வாய்க்குப் பூட்டில்லாமல் வரட்டும்.

காலை உணவைத் தவிர்க்காதே. அப்பாவிடம் அடிக்கடி பேசு, காத்திருக்கவில்லை என்பார், தொலைபேசியையும் சாளரத்தின் அருகிலேயே கொண்டுபோய் வைத்திருக்கிறார். நீ நெடிது வாழ்க, உன் மூச்சும் உன் சொல்லும் எவருக்கும் அடங்காமல் ஓங்குக. திங்கட்கிழமை வரை காத்திராதே! இம்மடலை மடித்து வை, இருக்கையை விட்டு எழு, மேலாளர் அம்மையாரின் அறைக்கு இப்போதே செல், உன் வேண்டுகோளைத் திரும்பப் பெறு!

வாயிலில் அமர்ந்திருக்கும்,
உன் அம்மா