அப்பாவின் செருப்பை எடுக்காதே

பிரின்சி,

குண்டாவில் சோறும் ரசமும் இருக்கிறது. இதைப் படிப்பதற்கு முன்னால் கதவைத் தாழ்ப்பாள் போடு.

நான் ஜப்தி செய்ய வரும் கோர்ட் அமீனாவோடு பல்லடம் போகிறேன். அப்பாவை இடித்த வேனின் முதலாளி ஒரு வாய்தாவுக்கும் வரவில்லை. அவன் இல்லாமலேயே நமக்கு நஷ்டஈடு தீர்ப்பாகிவிட்டது. இப்போது அந்த வேன் அவன் மச்சானுடைய கோழிப்பண்ணையில் நிற்கிறதாம். "நீங்க நேர்ல வந்து அடையாளம் காட்டுனாத்தானுங்க ஜப்தி பண்ண முடியும்" என்கிறார் அமீனா. அவன் ஆட்கள் முன்னால் நின்று நான்தான் கையை நீட்டிக் காட்ட வேண்டும்.

"போகாதம்மா, அப்பா என்ன திரும்பியா வரப்போறாங்க?" என்று காலையில் கத்தினாய். நானும் அடித்துவிட்டேன். வலித்ததா கண்ணு?

உன்னிடம் ஒன்றை மறைத்துவிட்டேன். நேற்று எங்கள் கம்பெனி கேட்டில் ஒருவன் மரியாதையாகத்தான் கேட்டான்: "ஏனுங்க, சாயங்காலம் பாப்பா ஊட்டுல தனியாத்தான் இருக்குதுங்களா?"

பக்கத்து வீட்டு மூக்கம்மாள் அக்கா ஷிப்ட் முடிந்ததும் வருவாள். அவள் குரல் கேட்டால் மட்டும் திற.

அம்மா

அடுப்பு கேஸை மூடினேனா என்று பார்.

நீ கட்டிப் பரணில் போட்ட அப்பா செருப்பை எடுத்து வாசலில் விட்டிருக்கிறேன். வீட்டில் ஆம்பளை இருக்கிற மாதிரி தெரியட்டும். அப்பா இல்லை என்று அவர்களுக்குத் தெரியும்தான். தெரிந்தாலும் அது அங்கேயே கிடக்கட்டும்.