கதவு திறக்கும் முன்பே

அன்புள்ள பெரியவனுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே நானும் உன் அப்பாவும் சுகம். ‘அப்பாவும்’ என்று எழுதியதைப் பார்த்து நீ முகத்தைச் சுளிப்பாய். சுளித்துக்கொள். யோசித்துத்தான் எழுதினேன்.

அப்பாவைச் சேர்க்கச் சொல்லி நீ அனுப்பிய பராமரிப்பு இல்லத்துப் படிவம் வந்து சேர்ந்தது. நான் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பென்சிலால் புள்ளிகூட வைத்திருக்கிறாய். போடப்போவதில்லை. ஏன் என்று ஃபோனில் சொன்னால் நடுவில் புகுந்து பேசுவாய், அதனால்தான் கடிதம். முழுதாகப் படி.

பக்கவாதம் வந்து ஏழு மாதம் ஆகிறது. அப்பா வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை, வலதுபக்கம் அசைவில்லை, கூப்பிட்டால் திரும்புவதுமில்லை. இந்திச் சிரிப்புப் படம் ஓடினால் மட்டும் சிரிக்கிறார். லிஃப்ட் கம்பெனி வேலையில் பத்து வருஷம் இந்திக்காரர்களோடு ஒரே அறையில் இருந்த மனுஷன், அந்தப் படங்கள்தான் அவருக்குப் பொழுதுபோக்கு என்று உனக்கே தெரியும். எனக்கு இந்தியில் ஒரு வார்த்தை தெரியாது. கீழே தமிழில் ஓடும் எழுத்தைப் படித்துத்தான் பார்க்கிறேன். டாக்டரிடம் சொன்னேன். “அது தானா வர்ற சிரிப்பும்மா, மூளையில அடிபட்டா அப்படித்தான். அவருக்கு எதுவும் புரியல” என்றார். நீயும் அதையே பிடித்துக்கொண்டாய்.

எனக்குப் பொறுக்கவில்லை. இருபத்திரண்டு வருஷம் தையல் ஆலையில் தரம் பார்த்தவள் நான். சட்டையில் என்ன குறை, எந்த இடத்தில், எத்தனை என்று கோடு போட்டு எழுதியே பிழைத்தவள். அதே மாதிரி ஒரு நோட்டில் கட்டம் போட்டேன். ஒரு பக்கம் படத்தில் நடக்கும் கூத்து, மறுபக்கம் அப்பாவின் சிரிப்பு. எவன் வழுக்கி விழுந்தான், எத்தனை பாத்திரம் உடைந்தது, எத்தனை பேர் ஒரே சமயத்தில் கத்தினார்கள், எல்லாவற்றுக்கும் கோடு. உன் தங்கை வந்து பார்த்துவிட்டு, “அம்மா, உனக்கும் கழண்டுடுச்சா” என்று கேட்டாள். அதற்கும் ஒரு கோடு போட்டேன்.

முதல் நான்கு படமும் வீண். பதினைந்து பேர் மாவு மூட்டைக்குள் புரண்டு அடித்துக்கொள்ளும்போது கல்லாட்டம் கிடக்கிறார். எவனோ ஒருத்தன் ஒன்றும் செய்யாமல் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும்போது சிரிக்கிறார். கணக்கு எங்கேயும் சேரவில்லை. டாக்டர் சொன்னதுதான் சரி போலிருக்கிறது என்று எனக்கும் மனம் விட்டுப்போனது. அந்த வாரம்தான் நீ கேட்டபோது, “சரிப்பா, உன் இஷ்டம்” என்றேன். அந்தச் சரியை இப்போது திரும்ப வாங்கிக்கொள்கிறேன்.

தப்பு என்னுடையது. ஆலையில் புதிதாகச் சேரும் பெண்களுக்கு முதல் நாளே நான் சொல்வது, சட்டையை உள்பக்கம் திருப்பிப் பார் என்பதுதான். வெளியே மடிப்புக் கலையாமல் இருக்கும், உள்ளே தையல் விட்டிருக்கும். அப்படிச் சொன்ன நானே படத்தை வெளிப்பக்கம் மட்டும் பார்த்துக் கோடு போட்டிருக்கிறேன். நாற்காலியில் சும்மா உட்கார்ந்திருந்தானே, அவன் பொய் மாப்பிள்ளை. நிஜ மாப்பிள்ளை கட்டிலுக்கடியில். மாமனார் வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருக்கிறார். அதற்குத்தான் அப்பா சிரித்திருக்கிறார்.

கட்டத்தை மாற்றினேன். யார் யாரிடம் எதை மறைக்கிறான், அது எப்போது அம்பலமாகும், அவ்வளவுதான். ஒரு பொய் என்றால் அப்பா கண்டுகொள்வதில்லை. ஒரே அறையில் மூன்று பொய் சேர்ந்தால் உதட்டின் இடதுபக்கம் மேலே போகிறது. நான்காவது பொய்க்காரன் வந்து வாசல் மணி அடித்தால் தோள் குலுங்குகிறது. அதுவும் கதவு திறந்த பிறகு இல்லை, திறக்கும் முன்பே. நான் எழுத்தைப் படித்து, யோசித்து, சிரிப்பதற்குள் அவர் சிரித்து முடித்துவிடுகிறார். தானாக வருகிற சிரிப்புக்கு, கதவுக்கு அந்தப் பக்கம் யார் நிற்கிறான் என்று எப்படித் தெரியும்?

என் முகத்தைப் பார்த்துச் சிரிக்கிறார் என்பாய். அதற்காக அவர் தலைக்குப் பின்னால் நாற்காலி போட்டு, எதிரே அவர் உதடு மட்டும் எனக்குத் தெரிகிற மாதிரி சின்னக் கண்ணாடி வைத்துப் பார்த்தேன். அப்போதும் சிரித்தார். பிறகு, போன மாதம் வந்த புதுப் படம் ஒன்றைப் பாதியிலிருந்து போட்டேன். இரண்டே சிரிப்பு. நான்கு நாள் கழித்து அதையே முதலிலிருந்து போட்டேன். அதே பிற்பாதிக்குப் பதினொரு சிரிப்பு. யார் யாரை ஏமாற்றினான் என்று ஒரு மணி நேரத்துக்கு மேல் மனசில் வைத்திருந்த மனிதருக்கு ஒன்றும் புரியாதாம்.

நோட்டை டாக்டரிடம் கொண்டுபோனேன். புரட்டிப் பார்த்துவிட்டு, “இதையெல்லாம் ஆதாரமா எடுத்துக்க முடியாதும்மா” என்றார். “நீங்க எடுத்துக்கலன்னா நான் எடுத்துக்கிறேன் சார்” என்று திரும்ப வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். வருகிற புதன்கிழமை வேறொரு டாக்டரிடம் போகிறேன். அவரும் முடியாது என்றால் இன்னொருத்தர்.

உன்மேல் கோபமில்லை. அம்மா ஒற்றை ஆளாகக் கிடந்து அல்லாடுகிறாளே என்றுதான் நீ இதைச் செய்கிறாய். இடுப்பு வலிக்கத்தான் செய்கிறது. அவரைத் தூக்கித் திருப்ப, காலையும் மாலையும் ஒரு ஆள் வர ஏற்பாடு செய்திருக்கிறேன். சமாளித்துக்கொள்வேன்.

இனி எழுதப்போவதை எழுதலாமா வேண்டாமா என்று இரண்டு நாளாகக் கடிதத்தை மூடி வைத்திருந்தேன். போன ஞாயிற்றுக்கிழமை நீ கூப்பிட்டபோது அப்பாவுக்குச் சாப்பாடு ஊட்டிக்கொண்டிருந்தேன். கை ஒழியவில்லை, ஸ்பீக்கரில் போட்டிருந்தேன். “எங்க இருந்தா அவருக்கு என்னம்மா, சுவரைப் பார்த்துப் படுத்திருக்கப்போறாரு” என்று நீ சொன்னது அறை முழுக்கக் கேட்டது. அடுத்த வாய்க்கு அவர் வாயைத் திறக்கவில்லை. திங்கட்கிழமையும் செவ்வாய்க்கிழமையும் அந்தப் பதினொரு சிரிப்புப் படத்தையே போட்டேன். கட்டத்தில் ஒரு கோடுகூட விழவில்லை. அந்தப் பக்கத்தை எந்த டாக்டரிடமும் காட்டமாட்டேன்.

இனி கூப்பிட்டால் என்னிடம் பேசாதே, அவரிடம் பேசு. பதில் வராது, நீ பாட்டுக்குப் பேசு. என்ன பேசுவது என்று தெரியாவிட்டால், சின்ன வயதில் நீ அவரிடமிருந்து மறைத்தது ஏதாவது இருக்கும், அதைச் சொல். நான் பக்கத்தில் உட்கார்ந்து அவர் முகத்தைப் பார்த்துக்கொள்கிறேன்.

எந்தக் குறையும் இல்லாமல் நீ நன்றாக இருக்க வேண்டும், கண்ணா. சீக்கிரம் கூப்பிடு.

உன் அம்மா