தம்பியின் மழைக்கோட்டு

மார்ச் 4
இன்றும் அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. தட்டை முன்னால் வைத்தால் சுவரைப் பார்க்கிறார். தம்பி இறந்ததிலிருந்து இப்படித்தான். ஒரு சொட்டுக் கண்ணீர்கூட விடவில்லை. அழுது தொலைத்தாலாவது தேவலை.

டாக்டர், "வெளியே கூட்டிட்டுப் போம்மா. மரம், தண்ணி, நாலு பறவை. அதுக்கெல்லாம் நான் பில்லு போட முடியாது" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மார்ச் 6
லாண்டரியில் காலை ஷிப்டை மதியத்துக்கு மாற்றிக்கொண்டேன். மேற்பார்வை அக்கா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள். போகட்டும்.

கெஞ்சிக் கூத்தாடி அப்பாவை ஏரிக்கரைக்கு அழைத்துப் போனேன். பெஞ்சில் உட்கார்ந்து தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். இதற்கா இவ்வளவு பாடு?

மார்ச் 11
நாணல் ஓரமாக ஒரு நீர்க்கோழி முங்கியது. எங்கே எழும் என்று அப்பா கழுத்தை நீட்டித் தேடினார். அவ்வளவுதான். ஆனால் ராத்திரி ரெண்டு வாய் கூடுதலாகச் சாப்பிட்டார்.

நாளெல்லாம் இஸ்திரி ஆவியில் வேகிற எனக்கும் அந்தக் காற்று இதமாக இருந்தது. எழுதவே வெட்கமாக இருக்கிறது.

மார்ச் 12
வரமாட்டேன் என்றுவிட்டார்.

மார்ச் 17
நான் ஒரு முட்டாள்.

கிளம்பும்போது தூறல். அப்பா குடையை எடுத்துக்கொண்டு முன்னால் போய்விட்டார். கதவுக்குப் பின்னால் தொங்கிய தம்பியின் மஞ்சள் மழைக்கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டு ஓடினேன், தொப்பியையும் இழுத்து மூடிக்கொண்டு. எதையும் யோசிக்கவில்லை. ஏரிக்கரை வளைவில் அவர் திரும்பிப் பார்த்தார். முகம் அப்படியே மலர்ந்துபோச்சு.

"வந்துட்டியாடா!"

நான் தொப்பியைத் தள்ளினேன். ஐயோ, ஏன் தள்ளினேன் — கொஞ்ச நேரம் அப்படியே நின்னிருக்கக் கூடாதா?

ஈரத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். அழுதார். உடம்பு குலுங்க, வாய்விட்டு. நடக்க வந்தவர்கள் ஒதுங்கிப் போனார்கள். நானும் பக்கத்தில் உட்கார்ந்து அழுதேன். மழை நின்றதுகூடத் தெரியவில்லை.

வீட்டுக்கு வந்ததும், "பசிக்குதும்மா" என்றார்.

மார்ச் 18
கோட்டை மடித்து, பழைய பெட்டியின் அடியில் போட்டுவிட்டேன். இனி அவர் கண்ணில் படக்கூடாது.

மார்ச் 20
காலையில் எழுந்து பார்த்தால், அப்பா எனக்கு முன்பே செருப்பு மாட்டிக்கொண்டு வாசலில் நிற்கிறார். கையில் அந்த மஞ்சள் கோட்டு. எப்போது தேடி எடுத்தாரோ. வெளியே சுள்ளென்று வெயில்.

"போட்டுக்கோம்மா."

போட்டுக்கொண்டேன். இன்று அவர் முன்னால் போகவில்லை, என் பக்கத்திலேயே நடந்தார். ஏரியைச் சுற்றி வீடு வந்து சேரும்வரை எனக்கு வேர்த்துக் கொட்டியது. கழற்றவில்லை.